கடப்பை அடைத்தது யார்

கல்முனையில் ஒரு ஹாட்வெயார் கடையில் வேலை செய்கிறேன். சீமெந்து, கம்பி, பைப், ஆணி, பெயின்ட் என்று எல்லாம் இருக்கும். ஆட்களுக்கு முன்னால் வாய் திறக்கச் சின்ன வயதிலிருந்தே கூச்சப்படுகிறவன் நான். ஆணி வாங்க வருகிறவரிடம் என்ன அளவு என்று கேட்டால் போதும் என்பதால் இந்த வேலை எனக்குப் பொருந்திவிட்டது. படித்தது சாதாரண தரம், பதினோராம் வகுப்பு, வரைதான்.

மத்தியான லுஹர் தொழுகைக்குப் பிறகு கடையில் ஆள் குறைந்திருக்கும் நேரத்தில் நாடகம் எழுதுவேன். மேடை நாடகம் அல்ல, காதால் கேட்கிற நாடகம். கூட்டங்களுக்கும் கலியாணங்களுக்கும் ஒலிபெருக்கி வாடகைக்கு விடுகிற நண்பன் ஒருவன் இரண்டு கடை தள்ளி இருக்கிறான். தன் கடையின் பின்னறைச் சுவர் முழுவதும் பழைய மெத்தைகளைக் கட்டி அதை ஒலிப்பதிவு அறையாக்கி வைத்திருக்கிறான். நோன்பு மாதத்தில் நாங்கள் தொடர் நாடகம் செய்வோம். பின்னேர அசர் தொழுகைக்குப் பிறகு ஒரு பகுதியைப் போன் குழுக்களில் அனுப்பிவிடுவான். அது பெண்கள் குசினியில் கஞ்சி காய்ச்சுகிற நேரம். போனை மா போட்டு வைக்கிற பேணியில் சாய்த்து வைத்துவிட்டுக் கேட்பார்கள். யார் எழுதியது என்று எங்கும் போடுவதில்லை. போட வேண்டாம் என்று நான்தான் கேட்டுக்கொண்டேன். எழுதியது நான் என்று வீட்டு ஆட்களுக்கு மட்டும் தெரியும்.

அதுவரை நான் எழுதியவற்றில் சண்டை என்று பெரிதாக எதுவும் இருந்ததில்லை. காணாமற்போன ஆடு, மாறிப்போன செருப்பு, கடலுக்குப் போனவன் திரும்பி வருவது. இந்த முறை நண்பன் பிடிவாதமாக நின்றான். குடும்பக் கதை வேண்டும், அதில் நல்ல சண்டை வேண்டும் என்றான். சண்டைக்காக நான் எங்கும் தேடிப் போக வேண்டியிருக்கவில்லை.

எனக்கு மூத்தவராக ஒரு ராத்தா, என்னைக் காக்கா என்று கூப்பிடுகிற ஒரு தங்கச்சி. எங்கள் பக்கத்தில் பெண் பிள்ளைக்குத்தான் வீடு. கலியாணம் முடிந்தால் மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வந்துவிடுவார். உம்மாவும் வாப்பாவும் இருந்த வீடு ராத்தாவுக்குப் போனது. வீடு நின்ற அதே வளவின் பின்பாதியில் தங்கச்சிக்கு வீடு கட்டினோம். வாப்பா மௌத்தாகி அடக்கமான பிறகு உம்மா தங்கச்சியோடு இருக்கிறார். நான் வேறொரு தெருவில், சின்ன ஒழுங்கை ஒன்றில், என் மனைவி வீட்டில் இருக்கிறேன்.

வளவைப் பிரித்து மதில் கட்டியபோது குசினிப் பக்கமாக ஒரு கடப்பு விட்டோம். கதவெல்லாம் இல்லை, ஓர் ஆள் சட்டியைத் தூக்கிக்கொண்டு பக்கவாட்டில் நுழைகிற அளவு இடைவெளி. எங்கள் ஊர் வளவுகளில் இது சாதாரணம். பெண்கள் தெருவுக்கு இறங்காமல், தலையில் எதையும் எடுத்துப் போடாமல், பக்கத்து வீட்டுக்குப் போய் வருவதற்கான வழி. கறிவேப்பிலை அதால் போகும். கோபமும் அதால்தான் போகும், போய்விட்டு மாலைக்குள் திரும்பிவிடும். உம்மாவுக்கு முழங்கால் வருத்தம். தெருவால் சுற்றி ராத்தா வீட்டு முன்வாசலுக்குப் போக அவரால் ஏலாது. கடப்பால் மதிலைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்.

போன மாரியில் அந்தக் கடப்பு அடைபட்டது.

காரணம் தங்கச்சியின் மகளுக்கு வந்த சம்பந்தம். மருதமுனையில் ஒரு குடும்பம். அதே குடும்பம் சில வருடங்களுக்கு முன் ராத்தாவின் மகளைத் தங்கள் மூத்த மகனுக்குப் பார்த்துவிட்டுப் போய்ப் பதில் சொல்லாமலே இருந்துவிட்டார்கள். வேண்டாம் என்று ஒரு வார்த்தை வந்திருந்தால்கூட ராத்தா தாங்கியிருப்பார். பிறகு அந்தப் பிள்ளைக்கு நல்ல இடம் கிடைத்து, கடற்கரைப் பக்கம் கட்டிக்கொடுத்த வீட்டில் சந்தோசமாகத்தான் இருக்கிறாள். என்றாலும் அந்த வீட்டார் வந்துவிட்டுப் போன நாளை ராத்தா மறக்கவில்லை. இப்போது அவர்கள் இளைய மகனுக்காகத் தங்கச்சியின் மகளைக் கேட்டார்கள். பேச்சு முற்றாகும்வரை தங்கச்சி ராத்தாவிடம் சொல்லவில்லை. மீன் விற்க வந்த ஆள் ராத்தாவின் வாசலில் நின்று அவருக்கு வாழ்த்துச் சொன்னபோதுதான் ராத்தாவுக்கே தெரிந்தது. பெண்ணின் பெரியம்மாவுக்கு முதலில் சொல்லி, அவர் சரி என்ற பிறகே மற்றவர்களுக்குச் சொல்வது எங்கள் வழக்கம். அவருக்கு அது மீன்காரன் வாயால் வந்தது.

“எண்ட புள்ளய வேணாண்டு போன ஆக்களுக்கு அவள் தேத்தண்ணித் தட்டம் வெச்சிரிக்காள்,” என்றார் ராத்தா என்னிடம்.

கொஞ்ச நாளில் ராத்தாவின் கணவர், எங்கள் மச்சான், கடைக்கு வந்து ஒரு பேக் சீமெந்து வாங்கினார். இரண்டு மூன்று வாரம் போக மறுபடி வந்து இன்னொரு பேக் வாங்கினார். அந்தக் கடப்புக்கு அரைப் பேக்கே தாராளம். இரண்டு பேக் வாங்குகிற மனுசன் எவ்வளவு தடிப்பாகக் கட்டப் போகிறார், எவ்வளவு ஆசையோடு கட்டப் போகிறார் என்று நினைத்தேன். வாய் திறந்து கேட்கவில்லை. மூட்டையை அவருடைய சைக்கிளில் ஏற்றிவிட்டேன்.

அடைத்த பிறகு இரண்டு வீட்டுக்கும் போய் வந்தது நான் ஒருவன்தான். அங்கே போனால் உம்மா எப்படி என்று ராத்தா கேட்பார். இங்கே வந்தால் அவள் என்ன கறி காய்ச்சினாள் என்று உம்மா கேட்பார். இருவருக்கும் நடுவில் ஓடிய நூல் நான்தான். இவர்கள் கதையை நான் நாடகமாக எழுதி, அது இருவரில் ஒருவருக்கு நொந்தால் அந்த வீட்டுக் கதவும் எனக்குச் சாத்தப்படும். உம்மாவுக்கு மூத்த மகளைப் பற்றிய சேதி அத்தோடு நின்றுவிடும். அது தெரிந்துதான் எழுதத் தொடங்கினேன். ஊரைப் பொத்துவில் என்று மாற்றினேன். மூன்று பெண் மக்கள் என்றேன். கடப்பை மட்டும் மாற்ற மனம் வரவில்லை.

முதல் பகுதிகள் நன்றாகப் போயின. சகோதரிகள் கடப்பால் ஒருவர் சட்டியை ஒருவர் திறந்து பார்ப்பதும், உப்புப் போதாது என்று பழிப்பதும் பெண்களுக்குப் பிடித்திருந்தது. நண்பனின் போனுக்குக் குரல் பதிவுகள் வந்து குவிந்தன. அடுத்தது கடப்பு அடைபடுகிற பகுதி. அதை ஒரே மத்தியானத்தில் எழுதி முடித்தேன். மூத்தவளின் புருசன் வெளியூரான், பேராசைக்காரன். வளவு முழுவதையும் தன் பெயருக்கு எடுக்கத் திட்டம் போட்டு மனைவியின் காதில் ஊதுகிறான். அவள் அழுது கெஞ்சியும் கேட்காமல் தானே கல்லை அடுக்குகிறான். நண்பன் வாசித்துவிட்டு, வில்லன் குரலைத் தானே பேசுவதாகச் சொன்னான்.

மூத்த சகோதரிக்குக் குரல் கொடுத்தவர் கல்முனை டவுனில் இருக்கிற மெதடிஸ்த சபைப் பெண்மணி. நத்தார்ப் பண்டிகை நாடகங்களில் நடித்துப் பழகியவர். நாங்கள் அவரை அக்கா என்போம். மெத்தை கட்டிய அறையில் மைக்குக்கு முன் நின்று தாளை வாசித்தவர் பாதியில் நிறுத்திக் கண்ணாடியைக் கழற்றினார்.

“தம்பி, இவவுக்கு ஒரு வேலையும் இல்லயே. எல்லாத்தையும் புருசனே செய்யிறான். நான் நிண்டு அழுறதா?”

“ஓம் அக்கா, அவ பாவம்தானே,” என்றேன்.

“பாவம் எண்டா சரி. ஆனா கோவம் எங்க? தங்கச்சி ஒளிச்சிட்டாள் எண்டு தெரிஞ்ச பொம்பிளைக்குக் கோவம் வராதா? எனக்கெண்டா வரும்.”

நண்பன் குரலைச் சரிசெய்துகொண்டு தன் வசனத்துக்காகக் காத்து நின்றான். அக்கா பதிவு செய்ய மறுக்கவில்லை. யோசித்துச் சொல்லுங்கோ, நாளைக்கும் வாறன் என்று சொல்லிவிட்டுப் போனார். நண்பனுக்கு என்மேல் எரிச்சல்.

அன்று நோன்பு திறந்த பிறகு மனைவியிடம் இதைச் சொன்னேன். அவள் பீங்கான்களைக் கழுவிக்கொண்டிருந்தாள். திரும்பிப் பார்க்காமலே கதைத்தாள்.

“வெளியால இரிந்து வந்த மாப்பிள்ளயிலதான் எல்லாரும் பழியப் போடுற. அது லேசி. எங்கட வீட்டு நாடகத்த நான் எழுதினா யாரு கெட்டவரு தெரியுமா?”

“யாரு?”

“நீங்கதான். எண்ட உம்மாவும் அவட தங்கச்சி சாச்சியும் கொட்டிலுக்குச் சண்ட பிடிச்ச நேரம் ஊர் என்ன சொன்ன? புது மாப்பிள்ள தூபம் போட்டானெண்டு. நீங்க அண்டைக்கு வாயத் துறந்த மாதிரி எனக்கு ஞாபகமில்ல.”

அது உண்மை. அந்தச் சண்டை நடந்த காலம் நான் அந்த வீட்டுக்கு வந்து கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. கொட்டில் யாருடையது என்றுகூட எனக்குத் தெரியாது. பிறகு அவர்கள் சமாதானமானபோது, மாப்பிள்ளை சொல்லைக் கேட்டுச் சண்டை பிடித்துவிட்டோம் என்று சொல்லித்தான் ஒருவரையொருவர் கட்டிப்பிடித்து அழுதார்கள். நான் அறைக்குள் இருந்து கேட்டுக்கொண்டிருந்தேன். யாரும் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை.

பெண்ணுக்கு வீடும் மாப்பிள்ளை வரவும் என்று வாழ்கிற எங்கள் ஊரில் இந்தத் தவறு எல்லாரும் விடுவதுதான். வீட்டுக்குள் பிறந்தவர்களில் குற்றம் காண மனம் வராது. வந்தவர் இருக்கிறாரே. அவர் இருபது வருடம் அந்த வீட்டில் சோறு தின்றிருந்தாலும் வந்தவர்தான்.

அடுத்த நாள் மச்சான் கடைக்கு வந்தார். எதையும் வாங்க வரவில்லை. பைப் மூட்டுகிற முழங்கைகள் கிடக்கிற பெட்டியைக் கிளறிக்கொண்டு நின்றார். அவரும் என்னைப் போலத்தான், அதிகம் கதைக்க மாட்டார். நற்பிட்டிமுனைப் பக்கம் வயல் செய்கிறவர். கைகளில் சேறு காய்ந்த வெடிப்பு எப்போதும் இருக்கும்.

“நாடகம் நல்லாரிக்கி மச்சான்,” என்றார். “கடப்ப அடைக்கப் போறது மாப்பிள்ளதானெண்டு பள்ளிவாசலடியில கதைக்காங்க. மெய்யா?”

இன்னும் முடிவாகவில்லை என்று முனகினேன்.

“மாப்பிள்ளயாவே இரிக்கட்டும். அதான் நல்லம்.”

“ஏன் மச்சான்?”

அவர் ஒரு முழங்கையை எடுத்து ஓட்டைக்குள் விரலை விட்டுப் பார்த்தார். “குத்தம் எனக்கிட்ட இரிந்தா அவங்க ரெண்டு பேரும் சேருறது லேசி. பாவி மனுசன் இப்பிடிச் செஞ்சிட்டானெண்டு சொல்லிட்டுச் சேர்ந்திடுவாங்க. இவளிலயோ அவளிலயோ குத்தமெண்டு வந்தா ஒராள் மனசு கிறுகித் திரும்பி வரணும். வருவாங்களா?”

அப்போதுதான் எனக்கு அந்த இரண்டாவது பேக் நினைவுக்கு வந்தது. ஏன் இரண்டு வாங்கினீர்கள் என்று, அத்தனை மாதத்துக்குப் பிறகு, கேட்டேன்.

அவர் சிரித்தார். கடப்பை அடைக்கச் சொல்லி ராத்தா நிற்க விடாமல் நச்சரித்ததும் முதல் பேக்கை வாங்கிக்கொண்டு போய் விறாந்தையில் தூவானம் அடிக்கிற பக்கமாக வைத்தாராம். மேலே ஒரு சாக்குக்கூடப் போடவில்லை. மேசன் எங்கே என்று ராத்தா ஒவ்வொரு நாளும் கேட்க, மேசன்மார் எல்லாரும் அறுகம்பேயில் ஹோட்டல் கட்டப் போய்விட்டார்கள் என்று ஒவ்வொரு நாளும் சொன்னாராம். மழை பெய்து மூட்டை கல்லாக இறுகியது. அதற்குள் கோபம் ஆறிவிடும் என்று நினைத்திருக்கிறார். ஆறவில்லை. சோம்பேறி என்று திட்டு வாங்கினார். பிறகு இரண்டாவது பேக். அடுத்த ஒழுங்கை மேசனை ராத்தா தானே கூப்பிட்டுவிட்டார்.

நான் வில்லனாக எழுதிய மனுசன் என் முன்னால் நின்று அந்த முழங்கையை ஊதித் தூசி தட்டிக்கொண்டிருந்தார்.

அவர் கேட்டபடி விட்டால் ஒரு நல்ல மனுசனின் பெயர் ஊர் முழுக்கக் கெடும். அக்கா சொன்னதுபோல மூத்த சகோதரிக்கும் அதில் ஒரு வேலையும் இருக்காது. உள்ளதை எழுதினால் ராத்தா தன்னைத் தெருவில் நிறுத்தினேன் என்று நினைப்பார். மூன்று நாள் பகுதி போகவில்லை. நண்பன், மின்சாரம் பழுது என்று குழுக்களில் பொய் சொல்லிச் சமாளித்தான்.

அந்த நாட்களில் தங்கச்சி வீட்டுக்குப் போனேன். நான் கேட்காமலே அவள் கதையை எடுத்தாள். கஞ்சியைக் கிண்டிக்கொண்டு சொன்னாள். அந்தக் குடும்பம் முதல் தரம் கேட்டபோது அவள் வேண்டாம் என்றுதான் சொல்லியிருக்கிறாள். ராத்தாவின் பிள்ளையை மதிக்காத ஆட்கள் எனக்கெதற்கு என்று. மறுபடி ஆள் அனுப்பியபோதும் மறுத்தாள். பிள்ளைக்கு அந்தப் பையனைப் பிடித்திருந்தது. உம்மாதான், சரி சொல் என்றார். முற்றாகும்வரை மூத்தவளுக்குச் சொல்லாதே, பேச்சு இடையில் குழம்பினால் அவளுக்குப் பழைய புண்ணைக் கிளறினது மட்டும்தான் மிஞ்சும் என்று சொன்னதும் உம்மாதான்.

“இத ராத்தாக்கிட்டச் சொன்னா என்ன?” என்றேன்.

“சொன்னா அவ உம்மாவோட கோவிப்பா காக்கா. உம்மா எத்தின நாளைக்கு இரிப்பாவோ. என்னோட கோவிச்சிட்டு இரிக்கட்டும்.”

உள்ளே கட்டிலில் சாய்ந்திருந்த உம்மாவுக்குக் காது நல்ல கூர்மை. என்னைக் கூப்பிட்டார். தங்கச்சி சொன்னதைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. நாடகத்தைப் பற்றிக் கேட்டார்.

“அந்தப் புள்ளயள்ட உம்மா என்ன செய்ற? இத்தின நாளா ஒரு சத்தத்தையும் காணல்ல.”

“அவ வயசு போன ஆள் உம்மா. கட்டில்ல இரிக்கா.”

“சும்மாவா?”

“ஓம்.”

“பொய் எழுதாத,” என்றார் உம்மா. “ரெண்டு பொம்புளப் புள்ளயப் பெத்தவ சும்மா இரிக்க மாட்டா. அவதான் எல்லாத்தையும் குழப்பியிரிப்பா. அப்பிடியே எழுது.” நாடகத்தில் பெண் மக்கள் மூன்று என்பதை அவர் மறந்திருந்தார்.

கடையில் உட்கார்ந்து மறுபடி எழுதினேன். முன்பு எழுதும்போது ஒரு சண்டைக்கு ஒரு கெட்ட ஆள் இருந்தால் போதும் என்று நினைத்திருந்தேன். இந்த வீட்டில் தேடிப் பார்த்தேன், ஆளைக் காணவில்லை. ஒவ்வொருவரும் வேறொருவரைக் காப்பாற்றத்தான் ஒன்றைச் செய்திருந்தார்கள், அல்லது சொல்லாமல் விட்டிருந்தார்கள். உம்மா மூத்தவளின் மனதைக் காப்பாற்றினார். இளையவள் உம்மாவைக் காப்பாற்றினாள். மாப்பிள்ளை இருவரையும். அத்தனை காப்பாற்றலும் ஒன்றன்மேல் ஒன்று விழுந்ததில்தான் கடப்பு அடைபட்டது. மூத்தவளுக்கு மட்டும் யாரும் எதையும் சொல்லவில்லை. அப்படி என்றால் அவளுக்குக் கோபம் வரத்தானே வேண்டும். மீன்காரன் வாழ்த்துச் சொல்கிற இடத்தை முழுப் பகுதியாக எழுதினேன். கையிலிருந்த மீனில் தண்ணீர் சொட்ட, தனக்கு ஏற்கனவே தெரியும் என்பதுபோல் அவள் அவனுக்குச் சிரித்துக் காட்டுகிறாள். உள்ளே வந்த பிறகுதான் அவள் குரல் மாறுகிறது. மேசனைக் கூப்பிடுங்கள் என்று அவளே சொல்கிறாள். அழவில்லை.

பதிவுக்கு முன் தாள்களை மச்சானிடம் கொடுத்தேன். கதைக்க வராததால் கொடுத்தேன் என்றுதான் சொல்ல வேண்டும். அவர் வேண்டாம் என்றால் கிழித்துவிடலாம் என்று இருந்தேன். பெயின்ட் டின்மேல் உட்கார்ந்து ஒவ்வொரு சொல்லாக வாசித்தார். குற்றத்தைத் தன்னிடமிருந்து ஏன் எடுத்தாய் என்று கேட்பார் என எதிர்பார்த்தேன். கடைசித் தாளை மடித்துத் திருப்பித் தந்தார்.

“சீமெந்து பேக்குக்கு மேல ஒரு கோழி அடைகிடந்த,” என்றார். “எழுப்ப மனமில்லாம நான் விட்ட. அதயும் போடுங்க.”

போட்டேன்.

அக்கா அந்தப் பகுதியை ஒரே மூச்சில் பேசினார். மேசனைக் கூப்பிடச் சொல்கிற இடத்தில் அவர் குரலை உயர்த்தவே இல்லை. வில்லன் வேடம் கைவிட்டுப் போன நண்பன்கூட மெத்தையில் சாய்ந்து நின்று கண்ணைத் துடைத்தான்.

அந்தப் பகுதி குழுக்களுக்குப் போன மாலை நான் தங்கச்சி வீட்டில் இருந்தேன். வேறு எங்கும் இருக்க முடியவில்லை. தங்கச்சியின் போன் அடுப்பருகே ஓடிக்கொண்டிருந்தது. உம்மா குசினிக் கதிரையில் இருந்தார். மீன்காரன் வருகிற இடத்தில் உம்மா கையைத் தூக்கி எங்களைப் பேசாமல் இருக்கச் சொன்னார். மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து அதே குரல், கொஞ்சம் பிந்தி, வந்தது. இங்கே அக்கா ஒரு வசனத்தைச் சொல்லி முடிக்க, அங்கே அதே வசனம் தொடங்கியது.

“அவளும் கேக்காள்,” என்றார் உம்மா.

நாடகத்து உம்மா, சொல்லாதே என்று இளையவளிடம் சொல்கிற இடம் வந்தபோது அந்தப் பக்கத்துச் சத்தம் சட்டென்று நின்றது. நிறுத்திவிட்டார் என்று நினைத்தேன். தங்கச்சி கரண்டியை வைத்துவிட்டாள். கொஞ்ச நேரத்தில் அதே இடம் மறுபடி கேட்டது. பின்னால் தள்ளி இரண்டாம் முறை கேட்கிறார்.

அடுத்த நாள் ராத்தா ஆள் விட்டு என்னைக் கூப்பிட்டார். அவர் விறாந்தையில் நின்றார். தூண் ஓரத்தில் இறுகிப்போன அந்த முதல் மூட்டை இன்னும் கிடந்தது. கால் கழுவ ஏறி நிற்கிற கல்லாக அதைப் பாவிக்கிறார்கள்.

“கோழிர கதைய ஒனக்கு யாரு சொன்ன?”

நான் மூட்டையைப் பார்த்தேன்.

“அப்ப இவரு வேணுமெண்டுதான் இறுக விட்டிரிக்காரு,” என்றார் ராத்தா. “நான் சோம்பேறியெண்டு ஏசினன். ஒரு வார்த்த சொல்லல்ல மனுசன்.” பிறகு குரலைத் தாழ்த்தினார். “உம்மாட கதை? அதுவும் மெய்யா?”

“ஓம்.”

“அவள் ரெண்டு தரம் வேணாண்டு சொன்னதும்?”

“ஓம் ராத்தா.”

அங்கே வெளிக்கிட்டு வருகிறேன், நீ முன்னால் போ என்பதுபோலத் தலையை ஆட்டிவிட்டு உள்ளே போனார். ஆனால் வரவில்லை. நோன்பு முடியும்வரை வரவில்லை. இரண்டு வீட்டுக்கும் நான் முன்போலவே போய் வந்தேன். ராத்தா உம்மாவைப் பற்றிக் கேட்பதை மட்டும் நிறுத்தியிருந்தார். அது எனக்குப் பயமாக இருந்தது.

பெருநாள் தொழுகை முடிந்து உம்மாவுக்கு சலாம் சொல்லத் தங்கச்சி வீட்டுக்குப் போயிருந்தேன். முன்வாசலில் யாரோ சலாம் சொன்னார்கள். ராத்தா. பக்கத்து வளவுக்கு வர அபாயா போட்டு, இரண்டு ஒழுங்கை சுற்றி, ஊர் பார்க்க நடந்து வந்திருந்தார். பின்னால் மச்சான் புதுச் சாரன் உடுத்து நின்றார். ராத்தா அந்த வீட்டு முன்வாசலால் வந்ததை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. தங்கச்சியும் பார்த்ததில்லை போலும். என்ன செய்வதென்று தெரியாமல் கதிரையைத் துடைத்துப் போட்டாள். உள்ளே ஓடிப் போய் அலுமாரியில் பூட்டி வைத்திருக்கிற கோப்பைகளை எடுத்து, தட்டத்தில் தேத்தண்ணியும் வட்டிலப்பமும் அடுக்கிக்கொண்டு வந்து முன்னால் வைத்தாள்.

ராத்தா தட்டத்தைப் பார்த்தார்.

“என்னடி, பொண்ணு பாக்க வந்த ஆக்களுக்கு வெச்ச தட்டமா எனக்கும்?”

தங்கச்சியின் முகம் கறுத்தது. பிறகு சொன்னாள்:

“முன்னால வந்தா அப்பிடித்தான் வெப்பம். குசினியால வந்தா சட்டியில அள்ளித் தின்னலாம்.”

யாரும் சிரிக்கவில்லை. ராத்தா அறை வாசலில் நின்ற உம்மாவைப் பார்த்து, “நீங்களா உம்மா சொல்ல வேணாண்ட?” என்று கேட்டார்.

“ஓம், நான்தான்,” என்றார் உம்மா. “இப்ப என்ன, எனக்கும் ஒரு மதில் கட்டப் போறியா?”

முதலில் சிரித்தது மச்சான்தான். ராத்தா அவரை முறைத்துப் பார்த்தார். முறைத்துக்கொண்டே அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அதை மறைக்கத் தட்டத்தை அப்படியே தூக்கிக்கொண்டு குசினிக்குப் போனார். தங்கச்சி பின்னால் போனாள். உள்ளே என்ன கதைத்தார்கள் என்று எனக்குத் தெரியாது. சத்தம் ஏறியது, இறங்கியது, ஏதோ ஒன்று கீழே விழுந்து உடைந்தது. வட்டிலப்பத்தில் சீனி கூடிவிட்டது என்று ராத்தா சொன்னது மட்டும் தெளிவாகக் கேட்டது.

எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். அந்தச் சம்பந்தத்தைப் பற்றி ராத்தா இன்றுவரை ஒரு கேள்வி கேட்கவில்லை. கலியாணத்துக்கு வருவாரா என்பதும் தெரியாது. கடப்பு அடைபட்டபடியே இருக்கிறது. ஆனால் வெள்ளிக்கிழமைகளில் அபாயாவைப் போட்டுக்கொண்டு தெருவால் சுற்றி வந்து உம்மாவின் காலுக்கு எண்ணெய் தடவிவிட்டுப் போகிறார். வெயிலில் இப்படி நடப்பது பெரிய கரைச்சல் என்று ஒவ்வொரு முறையும் புறுபுறுக்கிறார்.

போன கிழமை மச்சான் கடைக்கு வந்தார். கல் உடைக்கிற உளி ஒன்றும் சுத்தியல் ஒன்றும் கேட்டார்.

“ராத்தா உடைக்கச் சொன்னாவா?” என்றேன்.

“இல்ல, இன்னம் சொல்லல்ல.” உளியின் வாயை விரலால் தடவிப் பார்த்தார். “சொல்ற அண்டைக்கு மேசன் அறுகம்பேயிலயெண்டு நான் நிக்க ஏலாதே.”

உளியைக் கடதாசியில் சுற்றப் போனேன். சுற்ற வேண்டாம் என்றார். விறாந்தையில், அந்த மூட்டைக்கு மேல், ராத்தா கால் கழுவும்போது கண்ணில் படுகிற மாதிரி வைக்கப் போகிறாராம்.